குடும்பப் பெயர் வியட், சொந்தப் பெயர் நாம்

அமெரிக்கா வந்த புதுசுல என்னை அதிகம் படுத்தின விஷயம் குளிரோ சாப்பாடோ இல்லீங்க. எல்லா விண்ணப்பத்துலயும் வர்ற ரெண்டு கட்டம். ஃபர்ஸ்ட் நேம், லாஸ்ட் நேம். நமக்கு ஏது லாஸ்ட் நேம்? அப்பா பேரைக் கொண்டுபோய் அந்தக் கட்டத்துல போட்டு வெச்சேன். அன்னையிலிருந்து பேங்க்காரர், பல் டாக்டர், கார் இன்ஷூரன்ஸ்காரர்னு எல்லாரும் என்னை எங்கப்பா பேரைச் சொல்லித்தான் கூப்பிடறாங்க. (ஊர்ல இருந்தவரைக்கும் அந்தப் பேரைக் கெடுத்துக்கிட்டுத்தான் இருந்தேன், அது வேற கதை :-))

அதனாலதான் நூலகத்துல டிவிடி அடுக்கைக் குடைஞ்சுக்கிட்டு இருந்தப்ப 'சர்நேம் வியட் கிவன் நேம் நாம்'னு ஒரு தலைப்பு கண்ணுல பட்டதும் சிரிச்சுக்கிட்டே எடுத்தேன். 1989ல வந்த படம். 108 நிமிஷம். இயக்குநர் பேரு ட்ரின் டி. மின்-ஹா. பின் அட்டையைப் படிச்சப்ப வியட்நாம் பெண்களைப் பத்தின ஆவணப்படம்னு புரிஞ்சுது. நான் இருக்கிறது சான் ஓசேல. வியட்நாமுக்கு வெளியே வியட்நாமியர்கள் அதிகமா வாழுற நகரம் இதுதான். மதியம் பாதி நாள் அவங்க ஃபோ கடையிலதான் சாப்பாடு. அந்த மக்களைப் பத்தி ஒண்ணுமே தெரியாம இருக்கோமேன்னு ஒரு குற்ற உணர்ச்சி வேற. எடுத்துட்டு வந்துட்டேன்.

படம் இப்படித்தான் போகுது. சாமான் அதிகம் இல்லாத மங்கலான ஓர் அறை. ஒரு பெண் உட்கார்ந்து, இல்லேன்னா மெதுவா நடந்துகிட்டே பேசுறாங்க. ஒருத்தர் மருத்துவர், ஒருத்தர் சுகாதாரத் துறை ஊழியர், இப்படி. எல்லாரும் வியட்நாம்ல இருக்கிறவங்க. திக்கித் திணறின ஆங்கிலம். போருக்கு அப்புறம் வாழ்க்கை எப்படி இருக்குன்னு சொல்றாங்க. புரட்சி வந்தா பெண்ணுக்கு விடுதலைன்னு சொன்னாங்க, பகல்ல அரசாங்க வேலை, ராத்திரி வீட்டு வேலைன்னு ரெண்டு சுமைதான் வந்துச்சுங்கிற கசப்பு பேச்சுல அடிக்கடி தட்டுப்படுது. தெற்குல மருத்துவரா இருந்து, 1975க்கு அப்புறம் வடக்கிலிருந்து வந்த நிர்வாகத்துக்குக் கீழே வேலை பார்த்த ஓர் அம்மா, அந்த நாட்களோட பயத்தைச் சொல்றாங்க. கேமரா ஒழுங்கா முகத்துல நிக்க மாட்டேங்குது. கைக்குப் போகுது, துணிக்குப் போகுது, திரும்பி வருது. போதாக்குறைக்கு அவங்க பேசுற வார்த்தையெல்லாம் எழுத்தா திரையை அடைச்சுக்கிட்டு வருது. சில நேரம் பேச்சுக்கு முன்னாடியே. எழுத்தும் பேச்சும் எல்லா இடத்துலயும் ஒத்துப்போறதும் இல்லை. எதைக் கேக்கறது, எதைப் படிக்கறது? உண்மையைச் சொல்லிடறேன், நடுவுல ஒரு பத்து நிமிஷம் கண்ணு சொக்கிடுச்சு.

ஆனாலும் மனசைப் பிசையுது. எவ்வளவு தைரியமா கேமரா முன்னாடி அரசாங்கத்தைப் பத்திப் பேசுறாங்க, இதனால இவங்களுக்கு என்ன ஆச்சோன்னு கவலைப்பட்டுக்கிட்டே பார்த்தேன்.

பாதிக்கு மேல போனதும் அதே முகங்கள் வேற இடத்துல வருது. மருத்துவரா பேசின அம்மா வேற குரல்ல, வேற வேகத்துல, சில இடத்துல வியட்நாமிய மொழியிலயே பேசுறாங்க. இந்தப் படத்துல நடிக்க ஏன் ஒத்துக்கிட்டோம், வீட்டுல என்ன சொன்னாங்க, அமெரிக்காவுல பிழைப்பு எப்படிப் போகுது... நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். இவங்க யாரும் வியட்நாம்ல இல்லை. அமெரிக்காவுல குடியேறினவங்க. இதுவரைக்கும் பார்த்த 'பேட்டி' மொத்தமும் நடிப்பு!

எனக்கு வந்தது கோபம்தான். ஒரு மணி நேரமா ஏமாத்திட்டாங்களேன்னு. அப்புறம் ஆரம்பத்திலிருந்து ரெண்டாம் தடவை ஓட்டினேன். குறிப்பெல்லாம் முன்னாடியே இருக்கு. யாராவது பேட்டியில இவ்வளவு கோர்வையா, புத்தகத்தை வாசிக்கிற மாதிரி பேசுவாங்களா? வியட்நாம்ல இருக்கிறவங்க வியட்நாமிய இயக்குநர்கிட்ட எதுக்கு ஆங்கிலத்துல பேசணும்? நான் கேட்டுக்கவே இல்லை. சோகமான முகம், உடைஞ்ச ஆங்கிலம், கீழே எழுத்து. இந்த மூணும் சேர்ந்தா அது உண்மைன்னு என் மண்டைக்குள்ள ஒரு புரோகிராம் ஏற்கெனவே எழுதி வெச்சிருக்கு போல.

பேட்டிகள் எங்கிருந்து வந்ததுங்கிறது தனிக் கதை. மாய் து வான்னு ஒரு பெண். நியூ கலிடோனியாவில் பிறந்தவர். பசிபிக் கடல்ல ஆஸ்திரேலியாவுக்குக் கிழக்கே இருக்கிற பிரெஞ்சுத் தீவு அது. அங்கே இருக்கிற நிக்கல் சுரங்கங்களுக்கு பிரெஞ்சுக்காரங்க வியட்நாமிலிருந்து ஒப்பந்தக் கூலிகளைக் கப்பலேத்திக் கொண்டுபோனாங்க. அப்படிப் போனவங்களோட வம்சத்துல வந்தவர். தன் மண்ணைப் பார்க்காமலே வளர்ந்த இந்தப் பெண், பிரான்சுக்கு வந்து, போர் முடிஞ்ச வியட்நாமுக்குப் போய், அங்கே பெண்களைச் சந்திச்சுப் பேசி, 1983ல பிரெஞ்சு மொழியில ஒரு புத்தகம் போட்டார். ட்ரின் அந்தப் புத்தகத்திலிருந்து சில பேட்டிகளை எடுத்து ஆங்கிலத்துல ஆக்கி, அமெரிக்காவுல இருக்கிற வியட்நாமியப் பெண்கள் கையில கொடுத்து, கேமரா முன்னாடி பேச வெச்சார்.

வழியைப் பாருங்க. வியட்நாமிய மொழியில பேசினது பிரெஞ்சு ஆச்சு. பிரெஞ்சு ஆங்கிலம் ஆச்சு. அந்த ஆங்கிலம், வியட்நாமிய மொழியைத் தாய்மொழியா வெச்சிருக்கிற ஒரு வாய்க்குள்ள போய் தடுக்கி விழுந்து வெளியே வருது. டிஸ்கியில அடிச்சதை யூனிகோடுக்கு மாத்தி, அதை இன்னொரு எடிட்டர்ல திறந்து பார்த்த அனுபவம் உள்ளவங்களுக்கு நான் சொல்றது புரியும். எங்கேயாவது ஒரு கொம்பு காணாமப் போயிருக்கும், ஒரு கட்டம் முளைச்சிருக்கும். சாதாரண ஆவணப்படக்காரர் அந்தக் கட்டத்தையெல்லாம் துடைச்சுட்டுத்தான் நமக்குக் காட்டுவார். இந்தம்மா துடைக்கலை.

ஏன் நேரா வியட்நாமுக்குப் போய் எடுத்திருக்கக் கூடாதுன்னு முதல்ல எனக்கும் தோணிச்சு. வருஷத்தைப் பாருங்க. 1975 ஏப்ரல் 30ல சைகோன் விழுந்துச்சு. பழைய தெற்கு அரசுல இருந்தவங்க, ராணுவத்துல இருந்தவங்க பெரிய எண்ணிக்கையில மறுகல்வி முகாம்களுக்குப் போனாங்க. சில நாள்ல திரும்பிடலாம்னு நினைச்சுப் போய் வருஷக்கணக்குல உள்ளே இருந்தவங்க உண்டு. அடுத்த இருபது வருஷத்துல ஏறக்குறைய 8 லட்சம் பேர் படகுல ஏறி அக்கம்பக்கத்து நாடுகள்ல கரை சேர்ந்தாங்க. கரை சேராதவங்க கணக்கு தனி. அமெரிக்கா போட்ட வர்த்தகத் தடை 1994 பிப்ரவரியிலதான் விலகிச்சு. தூதரக உறவு 1995 ஜூலையில. ட்ரின் இந்தப் படத்தை எடுத்தப்ப ரெண்டு நாட்டுக்கும் தூதரக உறவே கிடையாது.

ஆனா அது மட்டும் காரணம்னு எனக்குப் படலை. இவருக்கு ஆரம்பத்திலிருந்தே கேமராவைத் தூக்கிட்டுப் போய் 'இதோ இவங்க இப்படித்தான்'னு சொல்றதுல ஒரு ஒவ்வாமை. 1952ல ஹனோயில பிறந்து, சைகோன்ல வளர்ந்து, அங்கே இசை படிச்சு, 1970ல 17 வயசுல அமெரிக்கா வந்தவர். இடையில மூணு வருஷம் செனகல்ல தலைநகர் டக்கார்ல இசை சொல்லிக் கொடுத்திருக்கார். அந்த ஊர் கிராமங்களை வெச்சு 1982ல எடுத்த 'ரீஅசம்பிளாஜ்'தான் முதல் படம். அதுலயே, இவங்களைப் பத்திப் பேசப் போறதில்லை, இவங்க பக்கத்துல இருந்து பேசுறேன்னு அறிவிச்சுட்டுத்தான் ஆரம்பிக்கிறார். அப்புறம் பல வருஷமா பெர்க்லி பல்கலைக்கழகத்துல பேராசிரியர். பேராசிரியர் எடுத்த படம்னு பார்த்தாலே தெரியுது, அதையும் சொல்லிடறேன். சில இடத்துல வகுப்புல உட்கார்ந்த உணர்வு.

சரி, பேட்டியை நடிக்க வெச்சா என்ன பெரிய விஷயம்? இங்கேதான் எனக்குத் தூக்கம் போச்சு.

யார் யாருடைய வார்த்தையைப் பேசுறாங்கன்னு யோசிங்க. புத்தகத்துல பேசினவங்க நாட்டைவிட்டுப் போகாதவங்க. படத்துல பேசுறவங்க போனவங்க. இந்த ரெண்டு கூட்டத்துக்கும் நடுவுல இருந்த வெறுப்பு சாதாரணமானதில்லை. போனவங்க துரோகின்னு அங்கே ஒரு பேச்சு. இருந்தவங்க கம்யூனிஸ்ட்னு இங்கே ஒரு பேச்சு. எவ்வளவு கொதிப்புன்னு தெரியணும்னா ஒரு சம்பவம் சொல்றேன். 1999ல தெற்கு கலிஃபோர்னியாவில் வெஸ்ட்மின்ஸ்டர்ங்கிற ஊர்ல, 'லிட்டில் சைகோன்'னு சொல்ற பகுதியில, ஒரு வீடியோ கடைக்காரர் கடைக்குள்ள ஹோ சி மின் படத்தையும் இன்னைய வியட்நாம் கொடியையும் மாட்டினார். அவ்வளவுதான். ஐம்பது நாளுக்கு மேல கடை வாசல்ல போராட்டம். உச்சத்துல ஆயிரக்கணக்குல கூட்டம். எல்லார் கையிலயும் 1975ல காணாமப் போன நாட்டோட மஞ்சக் கொடி, மூணு சிவப்புக் கோடு போட்டது. போர் முடிஞ்சு 24 வருஷம் ஆச்சு அப்போ.

அதுக்குப் பத்து வருஷம் முன்னாடி, இப்படி ஊரைவிட்டு வந்தவங்களுக்கு நடுவுல வாழுற ஒரு பெண், வடக்குல புரட்சியை நம்பி வேலை செஞ்ச இன்னொரு பெண்ணோட வார்த்தையைத் தன் வாயால, 'நான்' 'நான்'னு சொல்லிப் பேசுறாங்க. எதிரியோட துக்கத்தை மனப்பாடம் பண்ணியிருக்காங்க. எத்தனை தடவை வீட்டுல கண்ணாடி முன்னாடி சொல்லிப் பார்த்திருப்பாங்க! அந்தத் தடுமாற்றம் ஆங்கிலம் வராததால மட்டும் வந்ததான்னு ரெண்டாம் தடவை பார்த்தப்ப எனக்குச் சந்தேகமா இருந்துச்சு.

படத்தோட முதுகெலும்பா வர்றது ஒரு காவியம். 'கியூவின் கதை'. நூயென் துங்கிற கவிஞர் 19ஆம் நூற்றாண்டு ஆரம்பத்துல எழுதினது. 3254 வரி, ஆறசை எட்டசைன்னு மாறி மாறி வரும். ஒரு சீன நாவல்தான் மூலம், ஆனா இன்னைக்கு வியட்நாமியர்களைக் கேட்டா எங்க ஆத்மாவே அதுலதான் இருக்கும்பாங்க. நம்ம பெரியவங்க தேவாரச் சுவடியில கயிறு சாத்திப் பார்ப்பாங்கல்ல, அதே மாதிரி கியூ புத்தகத்தைக் கண்ணை மூடிப் பிரிச்சு வர்ற வரியை வெச்சுக் குறி பார்க்கிற வழக்கம் அங்கே உண்டு. 2000 நவம்பர்ல ஹனோய் போன கிளிண்டன்கூட விருந்துல எழுந்து கியூவிலிருந்து ரெண்டு வரி சொன்னார்னா பார்த்துக்கோங்க. குண்டு போட்ட நாட்டோட அதிபர் சமாதானம் பேசப் போறப்ப தேவைப்பட்டது ஒரு பெண்ணோட கதை.

கதை இதுதான். பொய் வழக்குல மாட்டின அப்பாவையும் தம்பியையும் மீட்க கியூ தன்னையே விக்கிறா. பாலியல் தொழிலுக்குத் தள்ளப்பட்டு, 15 வருஷம் அலைக்கழிஞ்சு, கடைசியில வீடு திரும்புறா. கிளம்பறதுக்கு முன்னாடி தங்கையைக் கூப்பிட்டு, எனக்குப் பதிலா நீ என் காதலனைக் கட்டிக்கோன்னு சொல்லிட்டுப் போறா. தென்னாட்டுக்காரங்க, வடநாட்டுக்காரங்க, அகதிகள், அரசாங்கம் எல்லாருக்கும் கியூ சொந்தம். நாடே கியூ மாதிரிதான் கைமாறிக் கைமாறிச் சீரழிஞ்சுதுன்னு எல்லாரும் சொல்லிக்கலாம். வசதியான உவமை. ஆனா கியூவோட கஷ்டம் எல்லாருக்கும் உவமையா ஆனதும், நிஜத்துல கஷ்டப்படுற பெண்ணோட பேச்சை யாரு கேட்டாங்கன்னு படம் கேக்குது. கன்ஃபூசிய வழக்கத்துல பெண்ணுக்கு மூணு கீழ்ப்படிதல்: சின்ன வயசுல அப்பா, கல்யாணம் ஆனா புருஷன், புருஷன் போனா மகன். இந்தப் பட்டியல்ல நாலாவதா நாடு சத்தமில்லாம சேர்ந்துக்குச்சு.

தலைப்பு அங்கேதான் வருது. பழைய நாட்டுப்புற வழக்கு ஒண்ணு. ஒருத்தன் ஒரு பெண்ணைப் பார்த்து உனக்குக் கல்யாணம் நிச்சயம் ஆயிடுச்சான்னு கேக்கிறான். ஆயிடுச்சு, அவர் குடும்பப் பெயர் வியட், சொந்தப் பெயர் நாம்னு அவ பதில் சொல்றா. மேடையில சொன்னா கைதட்டு விழும். தேசபக்தின்னா இதுதான். படம் முடிஞ்சு யோசிச்சா கொஞ்சம் நடுங்குது. அவளுக்கு மிச்சம் இருந்த ஒரே முடிவும் அங்கே எழுதிக் கொடுத்தாச்சு. (வியட்நாமிய மொழியில 'நாம்'னா தெற்கு. நம்ம 'நாம்' இல்லை. ஆனா தமிழ்ல எழுதிப் பார்த்தப்ப ஒரு நிமிஷம் கை நின்னுச்சு.)

பேர் விஷயத்துல இன்னொண்ணு. ட்ரின் டி. மின்-ஹாங்கிறதுல ட்ரின்தான் குடும்பப் பெயர். வியட்நாமிய முறைப்படி அதுதான் முன்னாடி வரும், சொந்தப் பெயர் மின்-ஹா கடைசியில. அமெரிக்காவுல இத்தனை வருஷம் இருந்தும், புத்தகம் எழுதியும், படம் எடுத்தும் அந்த வரிசையை இவர் மாத்தவே இல்லை. ரெண்டு கட்டத்துக்குப் பயந்து அப்பா பேரைக் கடைசியில தூக்கிப் போட்ட நான் இதைப் படிச்சுட்டு கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன்.

குறை ஒண்ணு இருக்கு, அதைச் சொல்லாம விடக் கூடாது. நடிச்ச பெண்களுக்கு ரெண்டாம் பாதியில தங்களைப் பத்திச் சொல்ல இடம் கிடைச்சுது. ஹனோயிலயும் சைகோன்லயும் மாய் து வானை நம்பிப் பேசின பெண்களுக்கு அந்த ரெண்டாம் பாதி இல்லை. கடல் தாண்டி இன்னொருத்தி தன் வார்த்தையைப் பேசுறது அவங்களுக்குத் தெரியுமா? பக்கத்துல இருந்து பேசுறேன்னு சொல்ற இயக்குநர், இவங்க விஷயத்துல பக்கத்துல இல்லை. ஒரு புத்தகத்துக்கு இந்தப் பக்கம்தான் இருந்தார். போலிப் பேட்டின்னு அவரே உடைச்சுக் காட்டிட்டதால இந்தக் கேள்வி தீர்ந்துடுதுன்னு நான் நினைக்கலை.

எங்க டீம்ல வியட்நாமியப் பெண் ஒருத்தங்க இருக்காங்க. இங்கேயே பிறந்து வளர்ந்தவங்க. ஃபோ சாப்பிடும்போது இந்தப் படத்தைப் பத்திச் சொன்னேன். பார்த்ததில்லைன்னாங்க. நடிப்புன்னு தெரிஞ்சு கடுப்பானதைச் சொன்னதும் சிரிச்சாங்க. "எங்க அம்மா படகுல வந்தவங்க. அந்தக் கதையைச் சின்ன வயசுல நிறைய தடவை கேட்டிருக்கேன். எப்பவுமே பெரியம்மாவுக்கு நடந்ததாத்தான் சொல்லுவாங்க. பெரியம்மா விமானத்துல வந்தாங்கன்னு எனக்குப் பதினாறு வயசுலதான் தெரியும்"னு சொல்லிட்டு எலுமிச்சையைப் பிழிஞ்சாங்க. எனக்கு அதுக்கு மேல என்ன கேக்கறதுன்னு தெரியலை. நூடுல்ஸ் ஆறிப்போச்சு.

ட்ரின் கடைசியில வியட்நாமுக்குப் போய்ப் படம் எடுக்கத்தான் செஞ்சார். 1995ல ஹை-8 கேமராவுல பிடிச்சது, 2012ல திரும்பப் போய் டிஜிட்டல்ல பிடிச்சது, ரெண்டையும் சேர்த்து 2015ல 'ஃபர்கெட்டிங் வியட்நாம்'. போர் முடிஞ்ச நாற்பதாவது வருஷம். பழைய ஒளிப்பதிவோட புள்ளி புள்ளியான சாயமும் புதுசோட துல்லியமும் அப்படியே பக்கத்துப் பக்கத்துல வருது, ஒண்ணா மெழுகிச் சமன் பண்ணலை. அந்தப் படத்துல ஒரு சொல்லைப் பிடிச்சுக்கிட்டுச் சுத்துறார். வியட்நாமிய மொழியில நாடுங்கிறதுக்கான சொல், நிலமும் நீரும் சேர்ந்தது. நீருக்கான சொல்லைத் தனியா சொன்னாலே நாடுன்னுதான் அர்த்தம். அவங்க ஆதிக் கதையிலயும் டிராகன் அப்பாவுக்கும் தேவதை அம்மாவுக்கும் நூறு பிள்ளைங்க. ரெண்டு பேரும் பிரியறப்ப ஐம்பது அம்மாகூட மலைக்குப் போகுது, ஐம்பது அப்பாகூடக் கடலுக்குப் போகுது.

டீம் தோழிகிட்ட இந்தச் சொல்லைச் சொல்லிக் காட்டச் சொன்னேன். நாலு தடவை சொன்னாங்க. எனக்கு நாக்கு சுழலலை.

பி.கு: 'சர்நேம் வியட்' படத்தை நியூயார்க்கின் விமன் மேக் மூவீஸ் நிறுவனம் விநியோகம் பண்ணுது. பல்கலைக்கழக நூலகம் பக்கத்துல இருந்தா முதல்ல அங்கே தேடுங்க. பார்க்கும்போது ஒரே நேரத்துல எழுத்தையும் படிச்சு, பேச்சையும் கேக்க முயற்சி பண்ணாதீங்க, தலைவலி வரும். நான் மூணாவது தடவை திரைக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, குரலை மட்டும் கேட்டேன். டிவிடிக்கு ரெண்டு டாலர் அபராதம் கட்டினேன்.